எல்லை ஓரத்து வரலாறு – 17: சுல்தான் படைத்த ஆண்டு

1791 ஜனவரி 23. பெருமுக்கல் கோட்டை அன்று திப்பு சுல்தானிடம் சரணடைந்தது. திண்டிவனத்திலிருந்து மரக்காணம் போகிறவர்கள் அந்தக் குன்றைப் பார்க்காமல் கடக்க முடியாது. வயல்வெளிக்கு நடுவே தனியாக நிற்கும். உச்சியில் பழைய சிவன் கோயில். அன்றைக்கு அங்கே இருந்தது ஆங்கிலேயரின் சிறிய காவல்படை. சுல்தானின் பீரங்கிகளுக்கு எதிரே அதனால் அதிக நாள் தாக்குப்பிடிக்க முடியவில்லை.

அந்த நாளுக்கு நம் பகுதியில் எத்தனை தேதிகள் இருந்தன என்று எண்ணிப் பார்க்கலாம். பெருமுக்கல்லுக்கும் புதுச்சேரி எல்லையோரக் கோட்டக்குப்பத்துக்கும் இடையில் ஏர் பிடித்தவர்களுக்கு அது சாதாரண ஆண்டு, தை மாதம். இஸ்லாமியர் வீடுகளில் ஹிஜ்ரி 1205, ஜமாதுல் அவ்வல் பிறந்து பாதிக்கு மேல் ஆகியிருந்தது. ஆற்காட்டு நவாபின் கணக்கர்கள் வரிக்கணக்கின் தலைப்பில் எழுதியது பசலி 1200. புதுச்சேரியின் பிரெஞ்சுக்காரர்களுக்கும் சென்னையின் ஆங்கிலேயருக்கும் 1791. சுல்தானின் கூடாரத்திலிருந்து புறப்பட்ட கடிதங்களுக்கோ வேறொரு கணக்கு: மவ்லூதி 1218, ஷிதா ஆண்டு, ரஹ்மானி மாதம்.

இந்த ஐந்தில் நான்கு இன்றும் கோட்டக்குப்பத்தில் நடைமுறையில் இருக்கின்றன. ஐந்தாவது, திப்பு தன் அரசுக்காகத் தானே வகுத்துக்கொண்டது. மவ்லூதி என்ற ஆண்டெண்ணோடு அது புழங்கிய காலம் பன்னிரண்டு ஆண்டுகளும் ஒரு மாதமும். ஹைதர் அலியின் படைகள் இந்தக் கரையோரம் வந்துபோனதைச் சென்ற பகுதியில் பார்த்தோம். மகன் படையோடு வந்தபோது ஒரு புதிய காலக்கணக்கையும் கொண்டுவந்தார். போர்க்கதைகளுக்கு நடுவே யாரும் நின்று பேசாத விஷயம் என்பதால் இந்தப் பகுதி முழுவதையும் அதற்கே ஒதுக்குகிறேன்.

ஓர் அரசர் எதற்காகப் புதிதாக ஆண்டையும் மாதத்தையும் உண்டாக்க வேண்டும்? ஆட்சிக்கு வந்ததை ஒட்டிப் புது ஆண்டெண்ணைத் தொடங்குவது அரசர்களின் வழக்கம்தான். திப்புவுக்கு அதைவிட அவசரமான காரணம் இருந்தது. இந்தியாவை ஆண்ட முஸ்லிம் அரசர்கள் எல்லோருக்கும் இருந்த காரணம் அது.

ஹிஜ்ரி ஆண்டு முழுக்க முழுக்கப் பிறைக்கணக்கு. பன்னிரண்டு பிறை கூடினால் 354 நாள். கதிரவனின் ஆண்டைவிடப் பதினோரு நாள் குறைவு. அதனால்தான் நோன்பு ஒரு காலத்தில் சித்திரை வெயிலில் வருகிறது, சில ஆண்டுகள் கழித்துக் கார்த்திகை மழையில் வருகிறது. வழிபாட்டுக்கு இது பொருத்தமானது. எந்த ஊரில் வாழும் முஸ்லிமுக்கும் எல்லாப் பருவத்திலும் நோன்பு நோற்கும் வாய்ப்பை இந்தக் கணக்கே தருகிறது. ஆனால் நெல் பிறையைப் பார்த்து விளைவதில்லை. ஹிஜ்ரி மாதத்தை வைத்து வரித்தவணை குறித்தால், சில ஆண்டுகளிலேயே அறுவடைக்கு முன்பு வசூல்காரர் வாசலில் வந்து நிற்பார். முப்பத்து மூன்று ஆண்டுக்கு ஒருமுறை, முப்பத்து மூன்று விளைச்சலுக்கு முப்பத்து நான்கு ஆண்டு வரி என்று கணக்கு ஏறிவிடும். அந்த ஒரு ஆண்டை உழவர் எதைக் கொண்டு கட்டுவார்?

அக்பர் இதற்கு வழி தேடினார். 1584இல் இலாஹி என்ற பெயரில் கதிரவக் கணக்கு கொண்ட ஆண்டை அறிவித்தார். அவர் காலத்து வருவாய் ஏற்பாட்டிலிருந்தே பசலியும் கிளம்பியது. ‘பஸ்ல்’ என்றால் விளைச்சல். ஹிஜ்ரி ஆண்டெண் ஒன்றை எடுத்துக்கொண்டு, அதற்கு மேல் கதிரவ ஆண்டாக எண்ணிக்கொண்டே போவது அதன் முறை. தக்காணத்தில் ஷாஜகான் காலத்தில், 1636இல், அன்றைய ஹிஜ்ரி 1046ஐ அடியாக வைத்து அது நடைமுறைக்கு வந்தது. நம் தென்னாட்டுப் பசலிக்கும் ஆங்கில ஆண்டுக்கும் 590 வித்தியாசம் வருவது அதனால்தான். இலாஹி அக்பருக்குப் பின் மெல்ல மறைந்தது, பசலி தங்கிவிட்டது. அதற்குக் கடைசியில் வருவோம்.

திப்பு எடுத்த வழி வேறு. 1784இல், பட்டத்துக்கு வந்து இரண்டாம் ஆண்டுக்குள், மாதங்களை மாற்றினார். ஸ்ரீரங்கப்பட்டணத்தைச் சுற்றிய கன்னட நாட்டில் உகாதிக்குத் தொடங்கும் சாந்திரமான ஆண்டு வழக்கில் இருந்தது. அமாவாசை கழித்து மாதம் பிறக்கும். பருவம் விலகாதபடி இடையிடையே ஓர் அதிக மாதம் சேரும். திப்பு அந்த அமைப்பை அப்படியே வைத்துக்கொண்டார். சைத்திரம் எந்த நாளில் பிறந்ததோ அன்றே அவருடைய முதல் மாதமும் பிறந்தது. மாதங்களின் பெயர்களும் ஆண்டுகளின் பெயர்களும்தான் மாறின. பஞ்சாங்கக்காரரின் கணிதம் பஞ்சாங்கக்காரரிடமே இருந்தது. அதில் கைவைத்திருந்தால் சுல்தானின் அமாவாசையும் ஊர்க்காரர்களின் அமாவாசையும் வெவ்வேறு நாளாகியிருக்கும். வாரத்தின் ஏழு நாளையும் அவர் தொடவில்லை. நோன்பும் பெருநாளும் எப்போதும்போல ஹிஜ்ரிப் பிறையோடு சென்றன.

பெயர் வைத்த விதத்தில்தான் அவருடைய தனித்தன்மை தெரிகிறது. கோட்டக்குப்பத்தில் கடைப்பலகைகளிலும் வண்டிகளிலும் கல்யாணப் பத்திரிகைகளிலும் 786 என்று பார்த்திருப்பீர்கள். அரபு எழுத்துக்கு எண் மதிப்பு உண்டு. பிஸ்மில்லாஹ் வாசகத்தின் எழுத்துகளைக் கூட்டினால் அந்த எண் வரும். ‘அப்ஜத்’ என்று அந்த முறைக்குப் பெயர். திப்பு இந்த அப்ஜத்தை எடுத்து மாதங்களுக்குப் பெயர் வைத்தார். பெயரின் முதல் எழுத்தைப் பார்த்தாலே அது எத்தனையாவது மாதம் என்று தெரிந்துவிடும். அலிஃப் 1, எனவே முதல் மாதம் அஹ்மதி. பே 2, எனவே இரண்டாவது பஹாரி. ஜீம் 3, மூன்றாவது ஜாஃபரி. தால் 4, நான்காவது தாராயி. இப்படியே போய், பதினொன்றுக்கும் பன்னிரண்டுக்கும் மட்டும் இரண்டு எழுத்தைக் கூட்டிக்கொள்ள வேண்டும்.

1787இல் மீண்டும் மாற்றினார். இந்த முறை அப்ஜத்தை விட்டுவிட்டு, எழுத்துகளின் நெடுங்கணக்கு வரிசையையே எண்ணாக்கினார். அலிஃப், பே, தே, ஸே, ஜீம் என்று மதரஸாவில் குழந்தைகள் முதல் நாள் ஓதும் வரிசைதான் அது. அலிஃப் 1, பே 2, தே 3 என்று தொடங்கி, பத்தாவது எழுத்தான ரே 10. அதற்கு மேல் 20, 30, 40 என்று பத்துப் பத்தாக ஏறும். புதிய மாதங்கள் அஹ்மதி, பஹாரி, தகி, ஸமரி, ஜாஃபரி, ஹைதரி, குஸ்ரவி, தீனி, ஸாகிரி, ரஹ்மானி, ராஸி, ரப்பானி. பத்தாவது ரஹ்மானி, ரே என்ற எழுத்தில் தொடங்குகிறது. ராஸியில் ரேயும் அலிஃபும் சேர்ந்து பதினொன்று. ரப்பானியில் ரேயும் பேயும் சேர்ந்து பன்னிரண்டு.

ஏன் இந்த மாற்றம்? அப்ஜத் படித்தவர்களின் வரிசை. அதைத் தனியாக மனப்பாடம் செய்ய வேண்டும். அலிஃப்-பே-தே எழுத்துக்கூட்டத் தெரிந்த எவருக்கும் தெரியும். கிராமக் கச்சேரியில் உட்கார்ந்திருந்த சாதாரண எழுத்தரையும் மனத்தில் வைத்தே சுல்தான் இதைச் செய்தார் என்று நான் நினைக்கிறேன். ஆனால் இதில் ஒரு சிக்கலும் வந்து சேர்ந்தது. ஜாஃபரி பழைய முறையில் மூன்றாம் மாதம், புதிய முறையில் ஐந்தாம் மாதம். ஹைதரி முன்பு எட்டாவது, பின்பு ஆறாவது. 1786இல் எழுதிய ஓலையும் 1788இல் எழுதிய ஓலையும் ஒரே மாதப் பெயரைச் சொல்லும், பருவம் மட்டும் வேறாக இருக்கும். மூன்றே ஆண்டில் இரண்டு முறை பெயரை மாற்றியது எழுத்தர்களுக்குச் சுமைதான். அந்தக் குறையை மறைக்க வேண்டியதில்லை.

ஆண்டுப் பெயர்கள் இன்னும் நுட்பமானவை. நமக்குப் பிரபவ முதல் அட்சய வரை அறுபது ஆண்டு. கன்னட நாட்டிலும் அதே அறுபது. திப்பு அந்த அறுபதின் வரிசையையும் ஏற்றுக்கொண்டு, ஒவ்வொன்றுக்கும் ஒரு புதுச்சொல் வைத்தார். இங்கே முதல் எழுத்து மட்டுமல்ல, சொல்லின் எல்லா எழுத்துகளையும் கூட்ட வேண்டும். ஷிதாவை எடுத்துக்கொள்வோம். ஷீன் 40, தே 3, அலிஃப் 1. கூட்டினால் 44. அறுபதில் நாற்பத்து நான்காவது எது? விரலை மடக்கி எண்ணிப் பாருங்கள்: சாதாரண. பெருமுக்கல் வீழ்ந்த ஆண்டு. அடுத்த ஆண்டு அவர் கணக்கில் ஸபர்ஜத்: ஸே (நான்காம் எழுத்தான ஸே அல்ல, ரேக்கு அடுத்து வருவது) 20, பே 2, ரே 10, ஜீம் 5, தால் 8, மொத்தம் 45. நமக்கு விரோதகிருது. ஒவ்வொரு பெயராகக் கூட்டிப் பார்த்தேன். ஓர் இடத்திலும் கணக்கு தவறவில்லை. பிரபவாதி அறுபதும் ஒருவர் வாயில் வரிசை பிசகாமல் வர வேண்டும். இல்லையென்றால் அது எத்தனையாவது என்று சொல்ல முடியாது. சுல்தானின் ஆண்டுப் பெயரோ தன் வரிசையெண்ணைத் தனக்குள்ளேயே வைத்திருக்கிறது.

அதே 1787இல்தான் மவ்லூதி என்ற ஆண்டெண்ணும் வந்தது. நபிகள் நாயகத்தின் பிறப்பைச் சார்ந்த பெயர் அது. அன்றைய ஹிஜ்ரி 1201. மவ்லூதியோ 1215லிருந்து ஓடத் தொடங்கியது. புனிதமான அடிப்படை, விளைச்சலோடு விலகாத மாதம், ஊர்ப் பஞ்சாங்கத்தோடு பொருந்தும் தொடக்கநாள் ஆகிய மூன்றையும் ஒரே கணக்கில் இணைத்துவிட்டார். வரித்தவணை அஹ்மதி, பஹாரி என்று எழுதப்பட்டாலும் உழவருக்கு அது சைத்திரம், வைசாகம்தான். திப்புவின் வருவாய்ச் சட்டங்களை 1792இலேயே கல்கத்தாவில் ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து அச்சிட்டார்கள். எதிரியின் வரி நிர்வாகத்தை அவ்வளவு அவசரமாகப் படிக்க வேண்டிய அளவுக்கு அதில் விஷயம் இருந்தது.

இந்தக் காலக்கணக்கைக் கண்ணால் பார்க்க வேண்டுமென்றால் நாணயத்தைத்தான் பார்க்க வேண்டும். சென்னை எழும்பூர் அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக இருந்த ஹெண்டர்சன், ஹைதர், திப்பு நாணயங்களைப் பற்றி 1921இல் எழுதிய நூல் அந்த அருங்காட்சியக வெளியீடாகவே வந்தது. திப்புவின் செப்புக்காசில் ஒரு பக்கம் யானை. சின்னக் காசிலும் யானையின் கழுத்து வளைவும் துதிக்கை மடிப்பும் தெளிவாக இருக்கும். மறுபக்கம் அக்கசாலையின் பெயர், காசின் பெயர். காசுகளுக்கு வானத்திலிருந்து பெயர்: ஒரு பைசா ஸுஹ்ரா, அதாவது வெள்ளி; அரைப் பைசா பஹ்ராம், செவ்வாய்; கால் பைசா அக்தர், விண்மீன்; அரைக்கால் பைசா குத்ப், துருவ நட்சத்திரம்.

ஆண்டெண் இருக்கும் இடத்தில் முதல்முறை பார்ப்பவர் திகைத்துவிடுவார். அரபு எழுத்து வலமிருந்து இடமாகப் போனாலும் எண்கள் நம்மைப்போல இடமிருந்து வலமாகவே எழுதப்படும். திப்பு மவ்லூதிக் காசுகளில் எண்ணையும் வலமிருந்து இடமாகப் பொறிக்கச் செய்தார். 1218 என்ற ஆண்டு, பழகிய கண்ணுக்கு 8121 என்று தெரியும். 1221ஆம் ஆண்டுக் காசு ஒன்றுதான் எந்தப் பக்கமிருந்து படித்தாலும் சரியாக வரும். கடைசிக் காசுகளில் ஆண்டோடு அலிஃப், பே, தே, ஸே என்று ஒவ்வோர் ஆண்டுக்கும் ஓர் எழுத்தும் சேர்ந்தது. அலிஃப் 1224, ஸே 1227.

வென்றவர்கள் இதைப் பார்த்து என்ன சொன்னார்கள்? திப்புவின் கடிதங்களை மொழிபெயர்த்து 1811இல் லண்டனில் வெளியிட்ட வில்லியம் கிர்க்பாட்ரிக்குக்கும், மைசூர் வரலாறு எழுதிய மார்க் வில்க்ஸுக்கும் இந்த மாற்றமெல்லாம் ஒரு கொடுங்கோலரின் புதுமை மோகமாகவே பட்டது. பின்னால் வந்த பலரும் அதையே திருப்பிச் சொன்னார்கள். எனக்கு அந்தத் தீர்ப்பு நியாயமாகத் தோன்றவில்லை. மோகம் மட்டும் இருந்திருந்தால் கணிதத்தையும் புரட்டியிருப்பார். ஊரின் அமாவாசைக்கு அடங்கி, ஊரின் அறுபது ஆண்டுக்கு அடங்கி, அதற்கு மேல் தன் மொழியில் பெயர் சூட்டியவர் அவர். கிர்க்பாட்ரிக்கால் கடிதங்களின் தேதிகளை ஆங்கிலத் தேதிகளாக மாற்ற முடிந்ததே அந்த ஒழுங்கினால்தான். இன்று கற்பனை உலகங்களைப் படைக்கும் எழுத்தாளர்கள் நாட்காட்டியும் படைக்கிறார்கள். டோல்கீன் தன் குட்டி மனிதர்களின் நாட்டுக்குப் பன்னிரண்டு முப்பது நாள் மாதமும் மேலே சில சிறப்பு நாளும் வகுத்து, அதைத் தன் பெருங்கதையின் பின்னிணைப்பில் விரிவாக விளக்கினார். அந்த உழைப்பைப் போற்றுகிற நாம், நெல் விளையும் நிஜ நாட்டில், வரி கட்டும் நிஜ மனிதர்களுக்காக ஒருவர் செய்ததைக் கிறுக்கு என்று தள்ளிவிடுவது சரியில்லை.

மவ்லூதி ஆண்டு பிறந்த சில மாதங்களிலேயே நம் கரைக்கு வந்துவிட்டது. 1787 ஜூலையில் திப்புவின் தூதர்கள் மூவர், முஹம்மது தர்வேஷ் கான், அக்பர் அலி கான், முஹம்மது உஸ்மான் கான், புதுச்சேரியில் கப்பலேறினார்கள். கப்பலின் பெயர் ‘லொரோர்’. முத்தியால்பேட்டைக்கு வடக்கே, எல்லைக்கு இப்பால் நிற்கும் நம் குப்பங்களிலிருந்து பார்த்தால் புதுச்சேரித் துறையில் நங்கூரமிடும் கப்பல்களின் பாய்மரங்கள் தெரியும் தொலைவுதான். மறு ஆண்டு ஜூனில் துலோன் துறைமுகத்தில் இறங்கி, ஆகஸ்டில் வெர்சாய் அரண்மனையில் பதினாறாம் லூயியைக் கண்டார்கள். உபசாரம் பெரிதாக இருந்தது, படை கிடைக்கவில்லை.

1791இல் பெருமுக்கல்லைப் பிடித்த கையோடு சுல்தானே புதுச்சேரிப் பக்கம் வந்தார். அதற்கு முன் திருச்சிவரை போய், தியாகதுர்க்கத்தில் முட்டி முடியாமல், திருவண்ணாமலையைப் பிடித்துக்கொண்டு வந்த படை அது. நகருக்கு அருகே தங்கிக்கொண்டு ஆளுநர் தெ ஃப்ரேனோடு பேச்சு நடத்தினார். அதன் முடிவில் லெழே என்ற பிரெஞ்சு அதிகாரி திப்புவின் வேண்டுகோளோடு பாரீசுக்குப் புறப்பட்டார். கேட்டது 6,000 பிரெஞ்சு வீரர்கள். பாரீசில் புரட்சி தொடங்கி ஏற்கெனவே ஒன்றரை ஆண்டு ஆகியிருந்தது. அமெரிக்கப் போரில் தலையிட்டுக் கையைச் சுட்டுக்கொண்ட லூயி இன்னொரு தொலைதூரப் போருக்கு இசையவில்லை. இந்தப் பேச்சில் கழிந்த நாட்கள் திப்புவுக்குப் பெரிய இழப்பு. சென்னைக்கு வந்து ஆங்கிலப் படைத் தலைமையை ஏற்றிருந்த காரன்வாலிஸ் பிப்ரவரியில் கிளம்பி, வேலூர் வழியாக மலையேறி, மார்ச் 21ஆம் தேதி பெங்களூர்க் கோட்டையைப் பிடித்துவிட்டார். சுல்தானின் கணக்கில் அதுவும் ஷிதா ஆண்டு, 1218, முடிவதற்குள் நடந்தது.

பிரான்சும் சில ஆண்டுகளில் ஒரு காலக்கணக்கைப் படைத்தது. குடியரசு நாட்காட்டி 1793 அக்டோபரில் சட்டமானது. கணக்கு வகுத்தவர் கில்பேர் ரோம்; மாதங்களுக்குப் பெயர் சூட்டியவர் ஃபாப்ர் தெக்லாந்தீன் என்ற நாடகாசிரியர். மாதம் முப்பது நாள், பன்னிரண்டு மாதம், கடைசியில் ஐந்தோ ஆறோ உபரி நாள். பெயர்களில் பல பாரீசின் வானிலை: மூடுபனி மாதம், உறைபனி மாதம், மழை மாதம், வெப்ப மாதம். வாரத்தை ஒழித்துப் பத்து நாள் கொண்ட கூறாக்கினார்கள். ஏழாம் நாள் கிடைத்த ஓய்வு பத்தாம் நாளுக்குத் தள்ளிப்போனது. உழைக்கும் மக்கள் அதை மனமார ஏற்கவில்லை. பெயர் சூட்டியவர் 1794 ஏப்ரலில் கில்லட்டினுக்குப் போனார். கணக்கு வகுத்தவர் மரண தண்டனை பெற்று 1795 ஜூனில் தன்னைத்தானே குத்திக்கொண்டு இறந்தார். 1806 ஜனவரி முதல் நாள் நெப்போலியன் பழைய கணக்கையே திரும்பக் கொண்டுவந்தார்.

இந்த நாட்காட்டி புதுச்சேரியில் ஒரு நாள்கூட ஆளவில்லை. 1793 ஆகஸ்டிலேயே நகரை ஆங்கிலேயர் பிடித்துவிட்டார்கள். அங்கே சட்டம் வரும்போது இங்கே பிரெஞ்சுக்கொடி இல்லை. அமியான் உடன்படிக்கைப்படி ஊரைத் திரும்பப் பெற 1803 ஜூலையில், குடியரசுக் கணக்கில் மெஸ்ஸிதோர் மாதத்தில், தளபதி தெகான் கப்பல்களோடு வந்தார். ஆங்கிலேயர் ஒப்படைக்க மறுக்கவே மொரீஷியசுக்குப் போய்விட்டார். 1816இல் நகர் திரும்பக் கிடைத்தபோது அந்த நாட்காட்டி செத்துப் பத்து ஆண்டு ஆகியிருந்தது. தப்பித்தது நல்லதுதான் என்பேன். உறைபனி மாதம் என்று அவர்கள் பெயரிட்ட நாட்கள் நமக்கு மார்கழி. பாரீசின் பனியைச் சோலைநகர்க் கரையில் எங்கே தேடுவது? கடலும் வயலும் உள்ள ஊருக்கு வேறொரு நகரத்தின் வானிலையைச் சட்டமாக அனுப்புவதற்கும், உள்ளூர் அமாவாசைக்கு உட்பட்டுப் பெயர் வைப்பதற்கும் உள்ள வேறுபாட்டை இங்கிருந்து பார்த்தால்தான் சரியாக அளக்க முடியும்.

புதிதாகப் படைக்கப்பட்ட இந்த இரண்டு காலக்கணக்கும் ஒருமுறை சந்தித்தன. அந்தச் சந்திப்பு திப்புவின் முடிவுக்குக் காரணமாயிற்று. 1797இல் ரிப்போ என்ற பிரெஞ்சுக் கடலோடியின் பேச்சை நம்பி, திப்பு மொரீஷியசுக்குத் தூதர்களை அனுப்பினார். இரகசியமாக இருந்திருக்க வேண்டிய தூது. ஆளுநர் மலார்த்திக்கோ அதை ஊரறியச் சுவரொட்டியாக்கி, திப்புவுக்காகத் தொண்டர்களை அழைத்தார். அந்த அறிவிப்பின் தேதி குடியரசு ஆண்டு ஆறு, மழை மாதம் பத்தாம் நாள். நமக்கு 1798 ஜனவரி 29. நூறு பேர் அளவில்தான் ஆள் சேர்ந்தார்கள். கல்கத்தாவில் வெல்லெஸ்லி பிரபுவுக்குப் படையெடுக்க அந்த ஒரு காகிதமே போதுமானதாக இருந்தது.

1799 மே 4, அமாவாசை. அன்று பிற்பகல் ஸ்ரீரங்கப்பட்டணத்தின் மதிலை உடைத்து ஆங்கிலப் படை நுழைந்தது; வாயிலில் நின்று போரிட்டு சுல்தான் இறந்தார். நமக்குச் சித்தார்த்தி ஆண்டு, அறுபதில் ஐம்பத்து மூன்றாவது. அவருடைய கணக்கில் மவ்லூதி 1227, பாரிஷ் ஆண்டு: பே 2, அலிஃப் 1, ரே 10, ஷீன் 40. அஹ்மதி மாதம் அன்றோடு முடிகிறது. ஏப்ரல் முதல் வாரத்து உகாதியில் பிறந்த பாரிஷ் ஆண்டு ஒரே மாதம்தான் நடந்தது. ஜூன் 30ஆம் தேதி சிறுவன் கிருஷ்ணராஜ உடையார் அரியணை ஏறினார். திப்புவிடம் அமைச்சராக இருந்த பூர்ணய்யாவே திவானாகத் தொடர்ந்தார். அதே கச்சேரிகள், அதே எழுத்தர்கள். பஹாரி மட்டும் பிறக்கவில்லை. அந்த மாதத்தை மக்கள் வைசாகம் என்றே விடாமல் சொல்லிவந்திருந்தார்கள். ஊர்ப் பஞ்சாங்கத்தோடு அவ்வளவு பொருந்தியிருந்ததால், அரசு போனதும் அது சுவடில்லாமல் பஞ்சாங்கத்துக்குள்ளேயே கரைந்துவிட்டது.

பசலி பிழைத்த கதை இதற்கு நேர் எதிர். 1801 ஜூலை 31இல் ஆற்காட்டு நவாபின் கர்நாடகம் முழுவதும் ஆங்கிலக் கம்பெனி கைக்கு வந்து, நம் பகுதி தென்னார்க்காடு மாவட்டத்துக்குள் சேர்ந்தது. வந்த ஆட்சியர்களுக்கு நவாபின் வரிக்கணக்கு தேவைப்பட்டது. கணக்கு முழுவதும் பசலியில் இருந்தது. அதை மாற்றினால் எந்த நிலத்துக்கு எவ்வளவு பாக்கி என்ற நினைவே அறுந்துவிடும். ஆகவே தொடக்கநாளை மட்டும் திருத்தினார்கள். சென்னை மாகாணத்தில் ஆடி முதல் நாள் தொடங்கிய பசலியை 1800ஐ ஒட்டி ஜூலை 13க்கு நிலைப்படுத்தினார்கள். 1855இல் ஜூலை 1 ஆக்கினார்கள். மொகலாயப் பேரரசும் போயிற்று, ஆற்காட்டு நவாபும் போனார், கம்பெனியும் போயிற்று, வெள்ளைக்காரர் ஆட்சியும் போயிற்று. 1993இல் தென்னார்க்காடு பிரிந்து விழுப்புரம் தனி மாவட்டமானது. வானூர் வட்டாட்சியர் அலுவலகத்தில் ஜமாபந்தி இன்றும் பசலிக் கணக்கைத்தான் முடிக்கிறது. கிராம நிர்வாக அலுவலர் அடங்கல் பதிவேட்டை விரிக்கும்போது தலைப்பில் இருக்கும் எண்ணைப் பாருங்கள்: 2025 ஜூலையில் தொடங்கியது பசலி 1435. பட்டா மாற்றத்துக்கு மனுவோடு வரிசையில் நிற்கும் கோட்டக்குப்பத்துக்காரர் 1636இல் ஷாஜகான் ஆட்சி வகுத்த எண்ணின் கீழே நிற்கிறார்.

அப்படியானால் நாட்களைக் கணித்தவர்கள் யார்? அக்பரும் திப்புவும் பெயரிட்டார்கள், கம்பெனி தேதி குறித்தது. அமாவாசை எப்போது, கிரகணம் எத்தனை நாழிகைக்கு என்று சொன்னவர்கள் நம் ஊர்ப் பஞ்சாங்கக்காரர்கள். பிரெஞ்சுக் குடும்பத்தில் பிறந்து, ஆங்கிலப் படையில் பணியாற்றி, சென்னை வானாய்வகத்தையும் சில ஆண்டுகள் கவனித்துக்கொண்ட ஜான் வாரன், கடைசிக் காலத்தில் புதுச்சேரியில் குடியேறினார். தென்னாட்டுக் காலக்கணக்குகள் எல்லாவற்றையும் தொகுத்து ‘கால சங்கலிதம்’ என்ற பெருநூலை 1825இல் சென்னையில் வெளியிட்டார். அந்த ஆண்டு மே 31, ஜூன் 1 இரவு ஒரு சந்திர கிரகணம். புதுச்சேரிப் பஞ்சாங்கக்காரர் ஒருவர் காகிதமும் எழுத்தாணியும் இல்லாமல், தரையில் சோழிகளைப் பரப்பி, மனப்பாடமாக வைத்திருந்த வாய்ப்பாடுகளைச் சொல்லிச் சொல்லி நகர்த்தி, வாரனின் கண்முன்னே அதைக் கணித்தார். கிரகணத் தொடக்கத்தில் அவர் கணக்குக்கும் நிகழ்ந்ததற்கும் வேறுபாடு நான்கு நிமிடம். நடுவில் இருபத்து மூன்று. முடிவில் ஐம்பத்து இரண்டு. அந்தச் சோழிக் கணக்கு எப்படி நடந்தது, அதில் ஒளிந்திருந்த வாய்ப்பாடுகள் எந்த நூற்றாண்டைச் சேர்ந்தவை என்பதை அடுத்த பகுதியில் பார்ப்போம்.

(தொடரும்)